தாங்கும் உயிரும் தாங்கச் செய்வோரும்: இசைவாக்கம் பற்றிய ஓர் அறவிசாரணை

உயிருள்ள பொருளை உயிரற்ற பொருளினின்றும் பிரித்தறியும் இயல்புகளைக் கூறுமிடத்து, உண்ணல், வளர்தல், இனம்பெருக்கல் என்பவற்றை முதலிற் கூறுதல் வழக்கம். இவற்றோடு சேர்த்தெண்ணத்தக்க இன்னோர் இயல்பும் உண்டு. தாக்கப்படும்போது தன்னை மாற்றிக்கொண்டு நிலைத்தலே அது. கல்லும் வெயிலையும் அலையையும் தாங்குகின்றது. ஆயினும் உடையும்வரை அது தானாக எதனையும் செய்வதில்லை. உயிரோ தன்னுள்ளே ஒன்றைக் கூட்டியும் ஒன்றைக் குறைத்தும் தாக்குதலுக்கு ஈடுகொடுக்கின்றது. வெப்பம், உவர்ப்பு, பட்டினி, நஞ்சு, காயம் என வெளியிலிருந்து வந்து உயிரின் சமநிலையைக் குலைப்பவற்றை உயிரியலார் தகைப்பு என்பர். அதற்கு ஈடாக உயிர் தன்னை மாற்றிக்கொள்வதை இசைவாக்கம் என்பர்.

இசைவாக்கம் அறிவியல் கண்ட உண்மை. அது போற்றத்தக்கதா என்பது அறவியல் எழுப்பும் வினா. இவ்வினா வெறும் ஏட்டு வினாவன்று. போரும் இடப்பெயர்வும் கண்ட நம் மக்களைப் பற்றிப் பேசுவோர், "எத்துணை இடர் வரினும் மீண்டெழும் மக்கள்" என்று பாராட்டுவதைப் பல மேடைகளிற் கேட்டிருக்கின்றோம். பாராட்டப்பட்டோர் அதைக் கேட்டு மகிழ்வதும் உண்டு; ஏனென்று கூறவியலாத ஒரு கசப்போடு தலைகுனிந்து நிற்பதும் உண்டு. அக்கசப்புக்குக் காரணம் யாது? தாங்கும் ஆற்றலைப் புகழ்வது எப்போது நீதியாகும், எப்போது அநீதியாகும்? இவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். கலத்தின் வாழ்விலிருந்து சில உண்மைகளையும், யாழ்ப்பாணக் குடாநாட்டின் வடகரையிலுள்ள மயிலிட்டி என்னும் ஊரின் வரலாற்றையும் இதற்குத் துணையாகக் கொள்வோம்.

தகைப்பும் இசைவாக்கமும்

உயிரும் சூழலும் ஒன்றையொன்று சார்ந்தவை என்பது தமிழர்க்குப் புதிய செய்தியன்று. நிலத்தையும் பொழுதையும் முதற்பொருளாக வைத்து, மரமும் விலங்கும் தொழிலும் அவற்றின் வழிப்பட்டவை எனக் கருப்பொருளை வகுத்து, மாந்தர் ஒழுக்கத்தை உரிப்பொருளாக அவற்றோடு இயைத்துக் கூறியது தொல்காப்பிய மரபு. மாறும் சூழலில் உயிர் எவ்வாறு மாறாது நிலைக்கின்றது என்பதை ஆய்வுகூடத்தில் ஆராயும் முயற்சி பத்தொன்பதாம் நூற்றாண்டில் வலுப்பெற்றது. உடலின் கலங்கள் யாவும் ஓர் அகச்சூழலில் வாழ்கின்றன என்றும், அச்சூழல் நிலைபெற்றிருத்தலே சுதந்திரமான வாழ்வுக்கு அடிப்படை என்றும் பிரான்சிய உடற்றொழிலியலாளர் குளோட் பேர்னாட் எடுத்துரைத்தார். அந்நிலைபேற்றுக்கு அமெரிக்கரான வோல்ரர் கனன் 1920களில் இட்ட பெயரே இன்று நம் பாடநூல்கள் ஓர்சீர்த்திடநிலை எனக் குறிப்பிடுவதாகும்.

அத்திடநிலை நீண்ட காலம் தாக்கப்படின் நிகழ்வது யாது? 1936 ஆம் ஆண்டில் ஹன்ஸ் செலியே இதற்கு ஒரு விடை கூறினார். எலிகளைக் குளிருக்கும், காயத்துக்கும், கடும் உடலுழைப்புக்கும், நஞ்சுக்கும் உட்படுத்திய அவர், தாக்குதல் எதுவாயினும் உடலில் ஒரே வகையான மாற்றங்கள் தோன்றுவதைக் கண்டார். அதிரீனற் சுரப்பி பருத்தது, தைமஸ் சுருங்கியது, இரைப்பையிற் புண் தோன்றியது. இவற்றின் போக்கை மூன்று நிலைகளாக அவர் வகுத்தார். முதலாவது அபாயமுணரும் நிலை. இரண்டாவது எதிர்த்து நிற்கும் நிலை. மூன்றாவது ஆற்றல் வற்றிச் சோரும் நிலை. இவற்றுள் அறவியலாளர் ஊன்றி நோக்கவேண்டியது இரண்டாவது நிலையாகும். அந்நிலையில் விலங்கு ஏறத்தாழ நலமுற்றது போலவே தோன்றும். கூட்டுக்கு வெளியே நின்று காண்பவன், "இது பழகிக்கொண்டது" என்று கூறிவிட்டுச் செல்வான். தாக்குதல் மேலும் தொடரின் மூன்றாம் நிலை வந்து சேரும். பழகிக்கொண்டதாகத் தோன்றிய அதே விலங்கு அப்போது வீழும்.

கலத்தினுள்ளும் இத்தகைய போராட்டம் நிகழ்கின்றது. 1962 இல் இத்தாலியரான பெருச்சியோ ரித்தோசா, பழ ஈயின் உமிழ்நீர்ச் சுரப்பிக் கலங்கள் வழக்கத்தினும் மிகுந்த வெப்பத்துக்கு உட்பட்டபோது அவற்றின் நிறமூர்த்தங்களிற் சில இடங்கள் புதிதாகப் பருத்தெழுவதைக் கண்டார். வெப்பத்தாற் புரதங்கள் தம் வடிவம் குலையும். குலைந்தவை ஒன்றோடொன்று ஒட்டித் திரளும். அவற்றைத் தாங்கிப் பிடித்து மீண்டும் உரிய வடிவிற் சேர்க்கும் துணைப்புரதங்களை ஆக்குவதற்கே கலம் அவ்வாறு விரைகின்றது என்பது பின்னர் தெளிவாயிற்று. பற்றீரியா முதல் மனிதன் வரை ஏறத்தாழ எல்லா உயிர்களிலும் இவ்வேற்பாடு உண்டு. ஆயினும் அந்த அவசர வேளையிற் கலம் தன் வழக்கமான புரத ஆக்கத்திற் பெரும்பகுதியைக் குறைத்துவிடுகின்றது என்பதையும் மறத்தலாகாது. உயிரைக் காத்தற்பொருட்டு வாழ்வை ஒத்திவைத்தல் என இதனைக் கூறலாம்.

இசைவாக்கத்தின் விலை

இசைவாக்கம் இலவசமாகக் கிடைப்பதன்று என்பதற்கு நோயியல் தரும் சான்றுகள் பல. அவற்றுள் மூன்றினை ஈண்டு நோக்குவோம்.

முதலாவது இதயம். குருதி அழுத்தம் நெடுங்காலம் உயர்ந்திருப்பின் இதயத்தின் இடது இதயவறையின் சுவர் தடிக்கின்றது. வளர்ந்தவரின் இதயத்தசைக் கலங்கள் மிக அரிதாகவே பிரிகின்றன. ஆதலால் அவை எண்ணிக்கையிற் பெருகாது பருமனிற் பெருக்கின்றன. கூடிய சுமையைச் சுமக்க இது உதவுகின்றது. ஆனால், தடித்த தசைக்கு வேண்டிய குருதியோட்டம் அதே அளவுக்கு வளர்வதில்லை. நாளடைவிற் சுவர் விறைத்துத் தளர்கின்றது. சுமையைத் தாங்கத் தோன்றிய தடிப்பே வீழ்ச்சிக்கு வழியாகின்றது.

இரண்டாவது சுவாசக்குழாய். அதன் உட்பரப்பிலுள்ள பிசிர்களைக் கொண்ட மென்மையான கலங்கள் தூசியையும் சளியையும் ஓயாது மேல்நோக்கித் தள்ளித் துப்புரவு செய்வன. ஆண்டுக்கணக்கிற் புகைபிடிப்போனிடம் அக்கலங்களுக்கு ஈடாகத் தோலை ஒத்த தட்டையான, உரமான கலங்கள் தோன்றுகின்றன. அவை புகையைத் தாங்கவல்லவை. ஆனால், அவற்றிற் பிசிர் இல்லை. சுவர் பிழைத்தது, சுவரின் தொழில் இறந்தது. இதனைக் காணும்போது பாலைத்திணையின் நினைவு எழுகின்றது. பாலைக்கெனத் தனி நிலம் இல்லை. முல்லையும் குறிஞ்சியும் கோடையின் கொடுமையால் தம் இயல்பு கெட்டு அடையும் கோலமே பாலை என்ற கருத்துச் சிலப்பதிகாரத்தில் உண்டு. புகையுண்ட சுவாசக்குழாய் உடலின் பாலை எனலாம். புகை நீங்கின், காலங்கடவாதிருப்பின், பழைய கலங்கள் மீளத் தோன்றக்கூடும். புகை தொடரின், அவ்வுரமான கலங்களிடையே புற்றுநோய் தோன்றவும் கூடும்.

மூன்றாவது பட்டினி. உணவு கிடையாத கலம் தன் உறுப்புகளிற் சிலவற்றைத் தானே சிதைத்து, அவற்றின் கூறுகளைக்கொண்டு உயிர்தரிக்கின்றது. மதுவக் கலங்களில் இச்செயலின் வழிமுறையைத் துலக்கிய யப்பானியரான யொஷினோரி ஒசுமி 2016 இல் நோபல் பரிசு பெற்றார். பழுதானவற்றை அகற்றுதற்கு இது நன்மையே. எனினும், வெளியிலிருந்து உணவு வாராத கலம் தன்னைத் தின்று எத்துணை நாள் வாழும்?

இம்மூன்றும் ஓர் உண்மையை உணர்த்துகின்றன. தாக்குதலுக்கான விலையைத் தாக்கப்பட்ட உயிரே தன்னுள்ளிருந்து செலுத்துகின்றது. அவ்விலை வெளியே தெரிவதில்லை.

மயிலிட்டி காட்டும் உண்மை

மயிலிட்டி, காங்கேசன்துறைக்குக் கிழக்கே, பலாலிக்கு அண்மையில் அமைந்த நெய்தல் நிலம். வடபகுதியின் முதன்மையான மீன்பிடித் துறைகளுள் ஒன்றாக அது விளங்கியது. 1990 ஆம் ஆண்டு யூன் மாதத்திற் போர் காரணமாக அவ்வூர் மக்கள் வெளியேறினர். ஊர் பின்னர் உயர் பாதுகாப்பு வலயத்துள் அடங்கியது. மக்களுட் சிலர் மல்லாகம், சுன்னாகம் முதலிய இடங்களிலிருந்த நலன்புரி முகாம்களிலும், சிலர் வடமராட்சிக் கரையோரங்களிலும் தங்கினர். சிலர் கடல் கடந்தனர். 2017 யூலை 3 ஆம் நாள் துறைமுகமும் அதனைச் சூழ்ந்த ஏறத்தாழ 54 ஏக்கர் நிலமும் மக்களிடம் கையளிக்கப்பட்டன. இடைப்பட்ட காலம் 27 ஆண்டுகள். 1990 இல் தாயின் இடுப்பிலிருந்த குழந்தை, தான் பெற்ற குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு திரும்பும் அளவுக்கு நீண்ட காலம் அது.

அந்த 27 ஆண்டுகளில் அம்மக்கள் இசைவாக்கம் பெறவில்லை என்று எவரும் கூறமுடியாது. கடலோடிகள் கூலிவேலை கற்றனர். பிறர் துறையில், பிறர் தோணியில், பங்குக்குத் தொழில் செய்தனர். ஓலையும் தகரமும் வேய்ந்த சிறு குடிலுள் மணமக்களை வாழவைத்தனர்; பிள்ளைகளைப் படிப்பித்தனர். இடம்பெயர்ந்த குடும்பம் முதலில் நகையை விற்கும். பின்னர் எஞ்சிய வலையையும் இயந்திரத்தையும் விற்கும். இறுதியில் ஒரு பிள்ளையின் படிப்பை நிறுத்தும். பட்டினியுற்ற கலம் தன் உறுப்பைத் தானே சிதைத்து உயிர்தரித்தல் போன்றதே இதுவும். முகாமைப் பார்வையிடச் சென்றோர் எதிர்த்து நிற்கும் நிலையைக் கண்டனர். "இவர்கள் பழகிக்கொண்டார்கள்" என்று எழுதிக்கொண்டு திரும்பினர்.

உள்ளத்திலும் இத்தகைய மாற்றம் நிகழ்ந்தது. யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் பணியாற்றிய உளமருத்துவப் பேராசிரியர் தயா சோமசுந்தரம் 2007 இல் வெளியிட்ட ஆய்வொன்றிற் போரின் வடு தனியாளோடு நில்லாது குடும்பத்தையும் சமூகத்தையும் பற்றுகின்றது என எடுத்துக்காட்டினார். ஒருவரை ஒருவர் ஐயுறுதல், மௌனம், பிறரைச் சார்ந்து செயலற்றிருத்தல் என்பன சமூகத்தின் இயல்புகளாகிவிட்டதை அவர் குறிப்பிட்டார். ஆராய்ந்து பார்ப்பின், இவையும் ஒருவகை இசைவாக்கமே. பேசினால் உயிருக்கு ஆபத்து என்ற காலத்தில் மௌனம் உயிர்காக்கும் கவசம். ஆனால், அக்காலம் கடந்த பின்னும் மௌனம் நீங்காதாயின், தந்தை மகனோடு பேசான்; அயலவன் அயலவனை நம்பான். பிசிரிழந்த சுவாசக்குழாய் போன்று, உரமுண்டு, தொழில் இல்லை.

மீண்டபோது நிகழ்ந்தது யாது? வீடுகள் இருந்த இடத்திற் பற்றையும் இடிபாடும் இருந்தன. 2019 இல் துறைமுகத்தின் முதற்கட்டப் புனரமைப்பு நிறைவுற்றுத் திறந்துவைக்கப்பட்டது. கல்லும் கொங்கிறீற்றும் கொண்டு துறையை மீளக் கட்டலாம். வாடைக்கும் சோழகத்துக்கும் நீரோட்டம் எவ்வாறு மாறும், கச்சான் எழும்பும் முன் வானம் எக்கோலம் கொள்ளும் என்னும் அறிவை அவ்வாறு கட்டவியலாது. அது தந்தையின் தோணியில் அமர்ந்து மகன் கற்பது. முகாமிற் பிறந்து வளர்ந்த ஒரு தலைமுறைக்கு அத்தோணி கிடைக்கவில்லை. நிலம் திரும்பி வந்தது. நிலத்தின் உரிப்பொருள் முழுமையாகத் திரும்பி வரவில்லை. நோயியலில் மீளத்தக்க பாதிப்பு, மீளாப் பாதிப்பு என்னும் பாகுபாடு உண்டு. இரண்டுக்கும் இடையே நிற்பது பெரும்பாலும் காலம் ஒன்றே. தாமதம் வெறும் நிருவாகக் குறை எனக் கருதப்படுகின்றது; உயிரின் நோக்கில் அது பாதிப்பின் தன்மையையே மாற்றிவிடும் ஒரு செயலாகும்.

எதிர்வாதங்கள்

இவ்விடத்து இரு தடைகள் எழலாம். அவற்றுக்கு விடைகூறாது மேற்செல்லுதல் முறையன்று.

முதலாவது: தகைப்பின்றி வலிமை ஏது? உழைக்காத தசை மெலியும். விண்வெளியில் மாதக்கணக்கில் எடையற்றிருப்போரின் எலும்பு அடர்த்தி குன்றும். சிறு வெப்பத்துக்கு முன்னரே உட்பட்ட கலம் பின்னர் வரும் பெருவெப்பத்தைத் தாங்கும். கண்டல் மரம் இலைவழியே உப்பை வெளியேற்றக் கற்றதும் உவர்நிலத்தின் தகைப்பினாலன்றோ? இவை யாவும் உண்மையே. ஆயினும் மூன்று வேறுபாடுகளை நாம் மறத்தலாகாது. பயிற்சி அளவுடையது; அதனைத் தொடர்ந்து ஓய்வு உண்டு. பயில்பவன் விரும்பி ஏற்பது அது. கண்டல் மரமோ ஒரு தலைமுறையிற் கற்றதன்று. எண்ணிறந்த தலைமுறைகளில், தாங்கமாட்டாத கன்றுகள் யாவும் மடிந்தொழிய, எஞ்சியவற்றின் வழித்தோன்றியது. இன்று நிற்கும் மரத்தைக் காட்டி உவர்ப்பைப் புகழ்பவன் மடிந்த கன்றுகளை எண்ணவில்லை. ஒரு மனிதனுக்கு உள்ளது ஒரு வாழ்நாள் மட்டுமே.

இரண்டாவது: பொறுத்தல் அறம் என்றன்றோ நம் முன்னோர் கூறினர்? பொறையுடைமையைத் திருவள்ளுவர் அறத்துப்பாலில் வைத்தார். இடுக்கண் அழியாமையைப் பொருட்பாலில் வைத்தார். பொறுமைக்கு நிலத்தை உவமையாக்கியதும் அவரே. ஆனால், அவ்வறிவுரை எவரை நோக்கியது என்பதைக் கவனித்தல் வேண்டும். தாங்குபவன் தன் உள்ளத்தைக் காத்துக்கொள்ளும் வழியை அது கூறுகின்றது. தோண்டுபவனுக்கு அது உரிமம் வழங்கவில்லை. ஒருவன் தன் துயரைத் தானே பொறுப்பது அறம். பிறனுக்குத் துயர் விளைத்தவனோ, அதனை நீக்க வல்லவனாயிருந்தும் நீக்காதவனோ, "நீ பொறுமையுடையாய்" எனப் புகழ்வது அறமாகாது. சொல் ஒன்றே, சொல்லும் வாய் மாறும்போது அறம் மறமாகின்றது. முன்னர்க் கூறிய கசப்பின் காரணம் இதுவேயாகும்.

உவமையின் எல்லை

கலத்தையும் சமூகத்தையும் ஒப்பிட்டோம். ஒப்புமை எங்கே நிற்கவேண்டும் என்பதையும் கூறுதல் கடமை.

மயிலிட்டியில் முன்னர்க் காசநோயாளருக்கான சனற்றோரியம் ஒன்று இருந்தது. அங்கு நோயாளர் கடற்காற்றிலிருந்து தம் உடலைத் தேற்ற முயன்ற வேளையில், அவர்களது நுரையீரலினுள்ளே நோய்க்கிருமியும் தன் இசைவாக்கத்தைச் செய்துகொண்டிருந்தது. உடல் அதனைச் சூழ்ந்து கலங்களாற் சுவரெழுப்பும். ஒட்சிசன் குறைந்த அச்சிறையுள் கிருமி தன் இயக்கத்தை ஒடுக்கி ஆண்டுக்கணக்கில் உறங்கும். உடல் தளரும்போது விழித்தெழும். உலக மக்களில் ஏறத்தாழ நாலில் ஒருவரிடம் இக்கிருமி தொற்றியுள்ளதென உலக சுகாதார நிறுவனம் மதிப்பிடுகின்றது. தாங்கி நிலைக்கும் திறனை அளவுகோலாகக் கொள்வோமாயின், அக்கிருமிக்கே முதற்பரிசு வழங்கவேண்டியிருக்கும். ஆதலின், இசைவாக்கம் தன்னளவில் நன்றுமன்று, தீதுமன்று. உள்ளது ஒன்றிலிருந்து செய்யத்தக்கது இன்னதெனத் தானாகப் பெறப்படாது என டேவிட் கியூம் பதினெட்டாம் நூற்றாண்டில் உணர்த்தியதன் பொருள் இங்கு விளங்குகின்றது.

இன்னொன்றும் உண்டு. சீர்செய்யவியலாதவாறு பழுதுற்ற கலம் தன்னைத் தானே ஒழுங்காக அழித்துக்கொள்ளும். 1972 இல் மூன்று ஆய்வாளர் இதனை விளக்கித் தனிப்பெயரிட்டனர். உடலின் நலத்துக்காகக் கலம் மடிவதில் முறைகேடு எதுவும் இல்லை. கலத்துக்கென வேறு நோக்கம் இல்லை. மனிதன் அத்தகையவன் அல்லன். மனிதனைக் கருவியாக மட்டும் கொள்ளாது, அவனே ஒரு நோக்கம் எனக் கொள்ளவேண்டும் என்றார் இம்மானுவேல் கான்ற். நாடென்னும் பேருடலின் நலத்துக்காக ஓர் ஊர் கலம்போல் ஒடுங்கவேண்டும் என்று எவரேனும் வாதிடின், அவர் உயிரியலின் உவமையை அதன் எல்லைக்கு அப்பால் இழுத்துச் சென்றவராவார்.

முடிவுரை

இதுகாறும் கூறியவற்றாற் பெறப்படுவன இவை. இசைவாக்கம் உயிரின் உண்மை; அது புகழுக்கோ இகழுக்கோ உரியதன்று. அதற்கு ஒரு விலை உண்டு. விலையைச் செலுத்துவது தாங்கும் உயிர். தாங்கி நிற்பதன் தோற்றம், தாங்கியது நலமாயுள்ளது என்பதற்குச் சான்றாகாது. தகைப்பு உரிய காலத்தில் நீங்கின் பெரும்பாலான மாற்றங்கள் மீளும், காலங்கடப்பின் மீளா. ஆதலால், இசைவாக்கத்தைக் காண்பவர்க்கு எழவேண்டிய முதற் கடமை பாராட்டன்று, "இச்சுமையை வைத்தவர் யார், இறக்குவது எப்போது?" என்னும் வினாவேயாகும்.

தாங்கியவர்க்கும் ஒன்று கூறலாம். பழகிக்கொண்டமை குற்றமன்று, அதற்காக நாணவேண்டுவதில்லை. எனினும், நெருக்கடியிற் பூண்ட கவசத்தை நம் உடம்பு என்று எண்ணிவிடுதல் தகாது. மௌனமும் ஐயமும் கோடையிற் கொண்ட கோலங்கள். முல்லை பாலையானது உண்மை. அது முல்லையாய் இருந்ததும் உண்மை. இரண்டாவது உண்மையை மறவாதிருப்பதே மீட்சியின் தொடக்கமாகும். இன்று மயிலிட்டித் துறையிலிருந்து மகனை ஏற்றிக்கொண்டு கடலுக்குச் செல்லும் தந்தை ஒருவர், காற்றின் பெயர்களை அவனுக்குச் சொல்லிக்கொடுப்பாராயின், 27 ஆண்டுகள் நின்றுபோன பாடமொன்று மீண்டும் தொடங்குகின்றது. அப்பாடம் இனியும் இடையில் அறுபடாதிருக்கச் செய்தல் கரையில் நிற்கும் நம் அனைவரதும் கடனாகும்.